வாசகர் கேள்வி–பதில்: டென்பி மருத்துவர் வரைந்த வேல்ஸ்

1573-இல் ஆன்ட்வெர்ப்பில் அச்சான வேல்ஸ் நிலப்படத்தைப் பற்றிச் சென்ற இதழில் ஒரு பக்கம் எழுதியிருந்தோம். அதை வரைந்த ஹம்ஃப்ரி லூயிட் (1527–1568) மருத்துவ நூல்களையும் மொழிபெயர்த்தவர் என்று ஒரே வரியில் சொல்லிவிட்டு நகர்ந்திருந்தோம். வந்த கடிதங்களில் பாதிக்கு மேல் அந்த ஒரு வரியைப் பற்றித்தான். இந்த இதழ் முழுக்க அவருக்கே.

கேள்வி: ஆக்ஸ்ஃபோர்டு அஷ்மோலியன் அருங்காட்சியகத்தின் காப்பாளராக இருந்த லூயிட்தானே இவர்? அவர் 1660-இல் பிறந்தவர் என்று படித்திருக்கிறேன். ஆண்டு ஒத்துவரவில்லையே? (மதுரை வாசகர்)

பதில்: வேறு ஆள். நீங்கள் படித்தது எட்வர்ட் லூயிட் (1660–1709). தாவரங்கள், தொல்லெச்சங்கள், கெல்டிக் மொழிகள் என்று அவர் துறை வேறு. பழைய நூல்கள் இருவர் பெயரையும் ஒரே எழுத்துக்கூட்டலில் அச்சிடுவதால் இந்தக் குழப்பம் எளிதில் வரும். நம்மவரை லாயிட் என்றும் எழுதுவார்கள். தேடும்போது பெயரோடு டென்பி என்ற ஊரையோ 1568 என்ற ஆண்டையோ சேர்த்துக்கொள்ளுங்கள்.

நம்மவர் வட வேல்ஸில் உள்ள டென்பியில் பிறந்தவர். ஆக்ஸ்ஃபோர்டின் பிரேஸ்நோஸ் கல்லூரியில் 1547-இல் பி.ஏ., 1551-இல் எம்.ஏ. பட்டம் பெற்றார். 1553-இல் ஆரண்டெல் பிரபு ஹென்றி ஃபிட்ஸாலனிடம் வேலைக்குச் சேர்ந்தார். பிரபுவின் மருமகன் லம்லியின் சகோதரி பார்பராவை மணந்தார். 1559-இல் ஈஸ்ட் கிரின்ஸ்டெட் தொகுதியிலிருந்தும் 1563-இல் டென்பியிலிருந்தும் நாடாளுமன்றம் போனார். பைபிளை வெல்ஷ் மொழியில் பெயர்க்க வேண்டும், 1567 மார்ச் 1-க்குள் முடிக்க வேண்டும் என்று சட்டம் போட்டது அந்த 1563 நாடாளுமன்றம்தான். அதற்கு இவர் துணை நின்றார் என்று வேல்ஸில் இன்றும் சொல்கிறார்கள்.

கேள்வி: எம்.ஏ. படித்தவரை மருத்துவர் என்று எப்படிச் சொல்கிறீர்கள்? (மருத்துவ மாணவி, தஞ்சாவூர்)

பதில்: சரியான கேள்வி. மேலே சொன்ன இரண்டும் கலைப் பட்டங்கள். மருத்துவர் என்ற பெயர் அவருக்கு இரண்டு வழியில் வந்தது. ஒன்று, ஆரண்டெல் பிரபுவின் வீட்டோடு 15 ஆண்டுகள் இருந்த தொடர்பு. கீல்வாதத்தால் அவதிப்பட்ட பிரபு 1566-இல் சிகிச்சைக்காக இத்தாலி போனபோதும் கூடவே போனார். மற்றொன்று, லத்தீனிலிருந்து ஆங்கிலத்துக்கு அவர் கொண்டுவந்த இரண்டு மருத்துவ நூல்கள்.

முதல் நூல், பேத்ருஸ் ஹிஸ்பானுஸ் என்பவர் 13-ஆம் நூற்றாண்டில் தொகுத்த ஏழைகளுக்கான மருந்துத் தொகுப்பு. ஹிப்போகிரட்டீஸ், கேலன், அவிசென்னா ஆகியோரிடமிருந்து எடுத்த மருந்துகள் அதில் உண்டு. லூயிட் வெறுமனே பெயர்த்துக் கொடுத்துவிடவில்லை. ஒவ்வொரு நோய்க்கும் காரணம் என்ன, அறிகுறி என்ன என்று தாமே எழுதிச் சேர்த்தார். ஹிப்போகிரட்டீஸின் சூத்திரங்களை உடலின் உறுப்பு வரிசைக்கு மாற்றி அடுக்கினார். மூலத்தில் அங்கங்கே கிடந்தவை, இந்த உறுப்புக்கு இவை என்று ஓரிடத்துக்கு வந்தன. இரண்டாவது நூல் சிறுநீர் பார்த்து நோய் கணிப்பது பற்றியது. பிரெஞ்சு மருத்துவர் ழான் வாசே எழுதியது. மொழிபெயர்ப்பு 1553-இல் வந்தது.

நூல்களிலிருந்து திரட்டுவது, திரட்டியதை அதனதன் இடத்தில் வைப்பது, மூலத்தில் இல்லாததைத் தன் அறிவால் நிரப்புவது: இதுதான் லூயிட். நிலப்படத்திலும் அவர் செய்தது இதையேதான். அவரை நில அளவையாளராக எண்ணிக்கொண்டு பார்ப்பவர்கள் ஏமாந்துபோகிறார்கள்.

கேள்வி: அந்தச் சிறுநீர்ச் சோதனையை எப்படிச் செய்தார்கள்? அதில் உண்மை ஏதாவது இருந்ததா? (மேற்படி வாசகி)

பதில்: மட்டுலா என்ற கண்ணாடிக் குடுவை வேண்டும். அடி உருண்டையாக, கண்ணாடி மெல்லியதாக, துளியும் நிறமில்லாமல் இருக்க வேண்டும். பச்சை சாயல் உள்ள மலிவுக் கண்ணாடி நிறத்தைப் பொய்யாக்கிவிடும். காலையில் எழுந்ததும், எதுவும் சாப்பிடுவதற்கு முன் போகும் சிறுநீர் முழுவதையும் பிடிக்க வேண்டும். பிடித்த உடனே ஒரு முறை பார்ப்பார்கள். வெயிலும் குளிர்காற்றும் படாத இடத்தில் வைத்து, தெளிந்த பிறகு இன்னொரு முறை பார்ப்பார்கள்.

முதலில் நிறம். தண்ணீர் போன்ற வெளுப்பிலிருந்து கறுப்பு வரை 20 நிறங்களை வட்டமாக வரைந்த பட்டியல்கள் அக்காலத்தில் புழங்கின. அடுத்தது அடர்த்தி. அதன் பிறகு உள்ளே என்ன இருக்கிறது என்று பார்ப்பார்கள். மேலே மிதந்தால் மேகம், நடுவில் நின்றால் தொங்கல், அடியில் படிந்தால் வண்டல். வண்டல் வெள்ளையாக, வழவழப்பாக, சீராக இருந்தால் நல்ல அறிகுறி. குடுவையையே உடலாகப் பாவித்து, விளிம்பு வட்டம் தலை, அதற்குக் கீழே மார்பு, பிறகு வயிறு, அடிப்பகுதி சிறுநீர்ப்பாதையும் பிறப்புறுப்பும் என்று பிரித்துக்கொள்வார்கள்.

இந்தப் பங்கீட்டில் உண்மை எதுவும் இல்லை. வண்டல் எந்த உயரத்தில் நிற்கிறது என்பது அதன் கனத்தையும் காத்திருந்த நேரத்தையும் பொறுத்தது. ஆனால் நிறத்தில் உண்மை உண்டு. காமாலையில் பித்த நிறமி கலந்து அடர்பழுப்பாகும், நுரையும் மஞ்சளாக இருக்கும். ரத்தம் கலந்தால் சிவப்பாகவோ புகை நிறமாகவோ தெரியும். புரதம் இறங்கினால் நுரை கலையாது. நீர் குறைந்த உடலில் நிறம் கெட்டிப்படும்.

தவறு நேர்வது பெரும்பாலும் தாமதத்தால். சிறுநீர் ஆறினால் அமிலத்தன்மை உள்ளதில் யூரேட் உப்பு செங்கல் பொடி நிறத்தில் இறங்கும். காரத்தன்மை உள்ளதில் பாஸ்பேட் வெள்ளையாகக் கலங்கும். இரண்டும் நோயே இல்லாமல் வரக்கூடியவை. பல மணி நேரம் கிடந்தால் கிருமிகள் யூரியாவை அம்மோனியாவாக மாற்றிவிடும். நோயாளி வராமல் வேலையாள் கையில் குடுவையை மட்டும் கொடுத்தனுப்புவது அன்று சர்வசாதாரணம். குதிரை மேல் குலுங்கி, குளிரில் ஆறி வந்து சேர்ந்த நீரைப் பார்த்துச் சொன்ன கணிப்பு எப்படி இருந்திருக்கும் என்று நீங்களே கணித்துக்கொள்ளலாம்.

கேள்வி: டென்பியில் இருந்தவருக்கு ஆன்ட்வெர்ப்பில் அச்சிடும் வாய்ப்பு எப்படிக் கிடைத்தது? (கோவை வாசகர்)

பதில்: இத்தாலியிலிருந்து 1567-இல் திரும்பும் வழியில் ஆன்ட்வெர்ப்பில் ஆபிரகாம் ஒர்டேலியுஸைச் சந்தித்தார். அறிமுகம் செய்து வைத்தவர் ரிச்சர்ட் கிளஃப். அவரும் டென்பிக்காரர்தான்; லண்டன் வணிகர் தாமஸ் கிரெஷாமின் ஆன்ட்வெர்ப் முகவர். ஒர்டேலியுஸ் லூயிட் பிறந்த அதே 1527-இல் பிறந்தவர், நிலப்படங்களுக்கு வண்ணம் தீட்டும் தொழிலில் தொடங்கியவர். உலக நிலப்படங்களை ஒரே அளவில் தொகுத்த முதல் அட்லஸை 1570-இல் கொண்டுவந்தார். அதற்காக ஒவ்வொரு நாட்டிலும் விஷயம் தெரிந்தவர்களுக்கு எழுதிக் கேட்டுக்கொண்டிருந்த காலத்தில்தான் இந்தச் சந்திப்பு.

1568 ஏப்ரலில், ரோமானியர் மோனா என்று அழைத்த தீவு பற்றி லூயிட் அவருக்கு ஒரு நீண்ட கடிதம் எழுதினார். ஒர்டேலியுஸ் 1567-இல் வெளியிட்டிருந்த ஆசியப் படம் லூயிட் லண்டனை விட்டுக் கிளம்பிய அன்று கைக்கு வந்தது. வீடு சேர்வதற்குள் கடுமையான காய்ச்சல் பிடித்துக்கொண்டது. ஆகஸ்ட் 3 அன்று டென்பியிலிருந்து கடைசிக் கடிதம். பத்து நாளாக விடாத காய்ச்சல், பிழைக்கும் நம்பிக்கை போய்விட்டது என்று எழுதி, கூடவே வேல்ஸ் படத்தையும், பழைய பெயர்களும் புதிய பெயர்களும் போட்ட இங்கிலாந்துப் படத்தையும், இன்னொரு இங்கிலாந்துப் படத்தையும், பிரிட்டன் பற்றித் தம் கையால் எழுதிய குறிப்புகளையும் அனுப்பிவிட்டார். வேல்ஸ் படம் அழகாக அமையவில்லை, ஆனால் உண்மையாக இருக்கிறது, சாகும் தறுவாயில் திரட்டிய குறிப்புகளைக் கவனித்து அச்சிட வேண்டும் என்று அந்தக் கடிதத்தில் கேட்டுக்கொள்கிறார். ஆகஸ்ட் 21 அன்று இறந்தார். வயது 41. டென்பிக்கு வெளியே உள்ள வெள்ளைத் தேவாலயத்தில் அவர் நினைவுச்சின்னம் இருக்கிறது, மண்டியிட்ட உருவம்.

லூயிட் கேட்டுக்கொண்டதை ஒர்டேலியுஸ் செய்தார். மோனா கடிதம் 1570 அட்லஸிலேயே வந்தது. வேல்ஸ் படமும் இங்கிலாந்துப் படம் ஒன்றும் அட்லஸின் 1573 இணைப்பில் வந்தன. குறிப்புகள் 1572-இல் கொலோனில் லத்தீனிலும், மறு ஆண்டு தாமஸ் ட்வைன் மொழிபெயர்ப்பில் ஆங்கிலத்திலும் நூலாயின.

கேள்வி: இன்றைய படத்தோடு வைத்துப் பார்த்தால் கரையோரம் எங்கெங்கோ போகிறது. இதை எதற்காகக் கொண்டாட வேண்டும்? (ஓய்வுபெற்ற நில அளவையாளர், திருச்சி)

பதில்: ஐயா, உங்கள் கண் சரியாகத்தான் பார்த்திருக்கிறது. கரையின் வடிவம் பல இடங்களில் பிசகியிருக்கிறது. காரணம், இது அளந்து வரைந்த படம் அல்ல, தொகுத்த படம். நிலப்பட வல்லுநர் மெர்க்காட்டர் 1564-இல் வெளியிட்ட பிரிட்டிஷ் தீவுகளின் படம் போன்ற முந்தைய படங்கள், 12-ஆம் நூற்றாண்டு வெல்ஷ் பாதிரியார் ஜெரால்டின் பயண நூல், வெல்ஷ் மன்னர்களின் வரலாற்றேடுகள், லண்டனுக்கும் டென்பிக்கும் போய்வந்த வழியறிவு: அக்காலத்தில் வேல்ஸைப் பற்றி எழுதுபவர் கையில் இருக்கக்கூடியவை இவைதான்.

இப்படித் தொகுத்தால் பிழை எங்கே நுழையும் என்பது உங்களுக்குத் தெரியாததல்ல. வழிப்போக்கர் சொல்லும் தூரம் சாலைத் தூரம். மலைநாட்டில் வளைந்து வளைந்து போகும் வழியை நேர்கோட்டாகப் படத்தில் போட்டால் ஊர்கள் விலகிப்போகும். அந்த மைலும் ஒரே அளவில் இல்லை. 1,760 கெஜம் ஒரு மைல் என்று இங்கிலாந்தில் சட்டம் வந்தது 1593-இல்தான். அதற்கு முன் வட்டாரத்துக்கு ஒரு மைல், பெரும்பாலும் இதைவிட நீளமானது. உள்நாட்டை ஒரு மூலத்திலிருந்தும் கரையை இன்னொரு மூலத்திலிருந்தும் எடுத்து ஒட்டும்போது எது இடித்தாலும் கரைதான் வளைந்து கொடுக்கும்.

அடுத்து வந்த கிறிஸ்டோபர் சாக்ஸ்டனோடு ஒப்பிட்டால் வித்தியாசம் பளிச்சென்று தெரியும். அவர் அரசு ஆதரவோடு களத்தில் இறங்கியவர். 1576 ஜூலையில் அரசவை வேல்ஸ் அதிகாரிகளுக்கு அனுப்பிய உத்தரவு அவர் வேலை முறையையே காட்டிவிடுகிறது. கோபுரம், கோட்டை, மேடு, மலை என்று சுற்றுப்புறம் தெரியும் இடத்துக்கெல்லாம் அவரைக் கூட்டிப்போக வேண்டும்; அந்தப் பகுதி நன்றாகத் தெரிந்த இரண்டு மூன்று நாணயமான ஆட்கள் உடன் போக வேண்டும்; கிளம்பும்போது வெல்ஷும் ஆங்கிலமும் தெரிந்த குதிரையாள் அடுத்த சந்தை ஊர் வரை வழிகாட்ட வேண்டும். 1579-இல் அவர் அட்லஸ் வந்தபோது வடிவத்தில் லூயிட் படம் பழையதாகிவிட்டது.

பெயர்களில் அப்படி ஆகவில்லை. லூயிட் படத்தில் ஊர், ஆறு, நாட்டுப் பகுதிகளின் பெயர்கள் லத்தீன், வெல்ஷ், ஆங்கிலம் என்று மூன்று மொழியிலும் வருகின்றன. 1536 சட்டம் வேல்ஸை ஆங்கிலேய மாவட்டங்களாகப் பிரித்து முப்பது ஆண்டுகளுக்கு மேல் ஆகியிருந்தும், அவர் படத்தைப் பெரிதாகப் பகுப்பது குவினெத், பொவிஸ், டெஹேபார்த் என்ற பழைய மூன்று அரசுகள். கிழக்கு எல்லையைச் செவர்ன் ஆறு வரை நீட்டுகிறார். ஷ்ரூஸ்பரியும் ஹெரிஃபோர்டும் பழைய வேல்ஸுக்குள் வந்துவிடுகின்றன. தெரியாமல் செய்த பிழை அல்ல இது. படத்தின் வாதமே இதுதான். வேல்ஸைத் தனி நாடாகக் காட்டி அச்சான முதல் படம் இது. 1741 வரை ஏறக்குறைய ஐம்பது முறை மறுஅச்சு கண்டது. அளவையில் தோற்ற படத்தை அத்தனை காலம் வாங்கினார்கள் என்றால் அதில் வேறொன்று இருந்திருக்கிறது. சாக்ஸ்டன் நிலத்தை அளந்தார். அந்த நிலம் தன் மக்களிடம் என்ன பெயரில் இருந்தது என்பதற்கு லூயிட்டிடம்தான் போக வேண்டும் என்பது எங்கள் உறுதியான கருத்து.

கேள்வி: மோனா தீவு பற்றிய கடிதத்தில் அப்படி என்ன வழக்கு? (புதுச்சேரி வாசகர்)

பதில்: ரோமானியர் தாக்கிய ட்ரூயிட் பூசாரிகளின் தீவு மோனா. அது இன்றைய ஐல் ஆஃப் மேன் என்று, இங்கிலாந்தின் வரலாற்றை எழுதிய இத்தாலியர் பாலிடோர் வர்ஜில் எழுதிவிட்டார். வேல்ஸின் வடமேற்குக் கரையை ஒட்டிய ஆங்கில்சிதான் என்றார் லூயிட். அவருக்குக் கைகொடுத்தது ரோம வரலாற்றாசிரியர் டாசிடஸ். ரோமக் காலாட்படை தட்டையான அடியுள்ள படகுகளில் போனது. குதிரைப்படை ஆழமில்லாத இடத்தில் நடந்தும், ஆழமான இடத்தில் குதிரையோடு நீந்தியும் கடந்தது என்கிறார் அவர். ஆங்கில்சிக்கும் நிலத்துக்கும் இடையில் உள்ள மெனாய் நீரிணையில் இது நடக்கும். குறுகிய இடத்தில் சில நூறு மீட்டர்தான். ஐல் ஆஃப் மேனுக்கு வேல்ஸிலிருந்து பல பத்து கிலோமீட்டர் திறந்த கடல், குதிரை நீந்தாது. மேலும் ஆங்கில்சியை அங்குள்ளவர்கள் தம் மொழியில் மோன் என்றே அழைத்துவந்தார்கள். லூயிட் சொன்னதுதான் இன்று எல்லோரும் ஏற்பது.

கேள்வி: பிரிட்டிஷ் பேரரசு என்ற பெயரை உருவாக்கியவர் இவரா? கொலம்பஸுக்கு முன் அமெரிக்கா போன வெல்ஷ் இளவரசன் கதையும் இவருடையதா? (இரண்டு வாசகர்கள்)

பதில்: அந்தப் பெயரை உருவாக்கியவராக வழக்கமாகச் சொல்லப்படுபவர் ஆங்கில அறிஞர் ஜான் டீ. அவர் 1577-இல் எழுதுவதற்கு முன்பே, 1573-இல் வந்த ட்வைனின் மொழிபெயர்ப்பில் அந்தப் பெயர் இருக்கிறது. ஆனால் லூயிட் மனதில் இருந்தது பண்டைய பிரிட்டன்களின் ஆட்சி. நம் முன்னோர் அனுபவித்த பேரரசை அதில் ஏற்றிப் படிக்கக்கூடாது.

இளவரசர் மாடோக் மேற்கே கடல் கடந்து போனார் என்ற கதையை லூயிட் 1559-இல் எழுதி முடித்த வேல்ஸ் வரலாறு சொல்கிறது. அவர் காலத்தில் அது அச்சாகவில்லை. டேவிட் பவல் 1584-இல் விரித்து வெளியிட்டார். கதைக்கு அகழாய்வு ஆதாரம் எதுவும் இல்லை.

கேள்வி: படத்தின் பிழையை நானே கணினியில் அளந்து பார்க்க முடியுமா? (பொறியியல் மாணவர், சேலம்)

பதில்: முடியும். அபெரிஸ்ட்வித்தில் உள்ள வேல்ஸ் தேசிய நூலகம் இந்தப் படத்தை இணையத்தில் பார்க்கத் தந்திருக்கிறது. கிடைப்பதில் பெரிய கோப்பாக எடுங்கள்.

பெயர் தெளிவாகப் படிக்க முடிகிற 15 முதல் 20 ஊர்களைத் தேர்ந்தெடுங்கள். கார்னார்வன், ஹார்லெக், செயின்ட் டேவிட்ஸ், பெம்புரூக், கார்டிஃப், பிரெகான், ஷ்ரூஸ்பரி, ஹெரிஃபோர்ட், டென்பி என்று நான்கு மூலையிலும் நடுவிலும் பரவலாக இருக்கட்டும். ஒரே பக்கம் குவிந்தால் விடை அந்தப் பக்கம் சாய்ந்துவிடும். புள்ளியை ஊர்ப்பெயர் மேல் வைக்காதீர்கள். கோபுரச் சின்னத்தோடு உள்ள சிறு வட்டத்தின் மையத்தில் வையுங்கள். பெயருக்கும் வட்டத்துக்கும் இடையே நல்ல இடைவெளி இருக்கும். கியூஜிஐஎஸ் என்ற நிலப்பட மென்பொருளில், பழைய படத்தை இன்றைய படத்தோடு பொருத்தும் ஜியோரெஃபரன்சர் கருவியில் நவீன ஆயத்தொலைவுகளைக் கொடுத்து, முதலில் எளிய ஹெல்மெர்ட் மாற்றத்தை ஓட்டுங்கள்; அது படத்தை வளைக்காமல் நகர்த்தும், சுழற்றும், ஒரே விகிதத்தில் பெரிதாக்கும். மிச்சப் பிழை ஒவ்வொரு ஊருக்கும் கிலோமீட்டரில் வர வேண்டுமானால் மீட்டர் அளவில் உள்ள பிரிட்டிஷ் நேஷனல் கிரிட் என்ற ஆயத்தொலைவு முறையைப் பயன்படுத்துங்கள்.

பலர் எடுத்த எடுப்பில் தின் பிளேட் ஸ்ப்லைன் என்ற மாற்றத்தைத் தேர்ந்தெடுக்கிறார்கள். அது எல்லாப் புள்ளிகளையும் இழுத்துப் பொருத்திவிடும். பிழை பூஜ்யம் என்று காட்டும். நீங்கள் அளக்க வந்ததையே அது அழித்துவிடுகிறது. இன்னொன்று: ஈரத் தாளில் அச்சடித்துக் காயவைப்பதால் தாள் இரு திசையிலும் ஒரே அளவு சுருங்காது. குறுக்கிலும் நெடுக்கிலும் ஓரிரு சதவீத வேறுபாடு வந்தால் அதை லூயிட் கணக்கில் எழுதாதீர்கள்.

கேள்வி: லண்டனில் இருக்கும் மகன் இந்தப் படத்தின் பழைய பிரதி ஒன்றை விலை பேசுகிறான். அசல்தானா என்று எப்படிப் பார்ப்பது? (திருநெல்வேலி வாசகி)

பதில்: அம்மா, சட்டத்தில் மாட்டிய நிலையில் வாங்க வேண்டாம் என்று முதலில் சொல்லிவிடுங்கள். கழற்றி, பின்பக்கத்தைப் பார்க்க வேண்டும். ஒர்டேலியுஸ் அட்லஸ் படங்களின் பின்பக்கம் வழக்கமாக அச்செழுத்தில் விளக்கமும் பக்க எண்ணும் இருக்கும். அது எந்த மொழி, என்ன எண் என்பதை வைத்துத்தான் எந்தப் பதிப்பு என்று தீர்மானிப்பார்கள். ஆங்கில விளக்கம் இருந்தால் 1606 பதிப்பு. நடுவில் அட்லஸ் மடிப்பு கண்டிப்பாக இருக்க வேண்டும். படத்தில் பேத்ருஸ் கேரியுஸ் என்ற செதுக்குநர் பெயர் இருந்தால் அது மெர்க்காட்டர்–ஹோண்டியுஸ் அட்லஸுக்காகப் பின்னால் வெட்டிய வேறு அச்சுத் தகட்டிலிருந்து வந்தது. அதுவும் பழையதுதான், ஆனால் ஒர்டேலியுஸ் விலை கொடுக்கக்கூடாது.

பத்து மடங்கு பெரிதாக்கும் லென்ஸில் கோடுகளைப் பாருங்கள். செப்புத்தகட்டு அச்சில் கோடு அறுபடாமல் போகும், நுனியில் மெலியும், மை தாளுக்கு மேல் லேசாகத் துருத்தும். கோடு புள்ளி புள்ளியாக உடைந்தால் ஆஃப்செட் நகல். தாளை வெளிச்சத்துக்குக் காட்டினால் நெருக்கமான கோடுகளும் அவற்றுக்குக் குறுக்கே இரண்டு மூன்று சென்டிமீட்டருக்கு ஒன்றாகக் கோடுகளும் தெரிய வேண்டும். புற ஊதா விளக்கில் தாள் பளீரென்று நீலவெள்ளையாக ஒளிர்ந்தால் 1950-க்குப் பிந்தைய தாள். படத்தைச் சுற்றி தகடு அழுந்திய பள்ளம் இருக்கும். இதை மட்டும் நம்ப வேண்டாம், நகலிலும் அழுத்திவிடுவார்கள்.

பழைய வண்ணப்பூச்சில் பச்சை, செப்புக் களிம்பிலிருந்து எடுத்தது. அது தாளை அரித்து, பின்பக்கம் பழுப்பாகத் தெரியும். பச்சைப் பகுதிகளின் பின்புறம் பளிச்சென்று வெள்ளையாக இருந்தால் வண்ணம் அண்மையில் தீட்டியதாக இருக்கலாம். கேட்டுத் தெரிந்துகொள்ளச் சொல்லுங்கள். அரித்த இடம் தொட்டால் உடையும். வாங்கிய பிறகு செல்லோடேப் ஒட்டுவது, இஸ்திரி போட்டு மடிப்பை நீக்குவது இரண்டும் கூடாது. அமிலமில்லாத அட்டைக்கு நடுவில் படுக்கையாக வைத்தால் போதும்.